பாவலர் பிரதர்ஸ் குழுவும் நம் பஜனைக் குழுக்களும்

கிராமச் சபைகளில் இளைஞர் பாடற்குழு ஒன்று தோன்றுவதும், இரண்டு மூன்று ஆண்டுகளில் அது கலைந்துபோவதும் ஆயர்களுக்குப் புதிய செய்தியன்று. உத்திரமேரூர் வட்டாரத்துச் சேகரம் ஒன்றின் கமிட்டியில் அண்மையில் இக்காரியம் விவாதத்திற்கு வந்தது. ஒரு சிற்றூர்ச் சபையின் இளைஞர்கள், பழுதுபட்ட ஆர்மோனியத்தைச் செப்பனிடவும் புதிய டோலக்கு ஒன்று வாங்கவும் பண உதவி கேட்டு விண்ணப்பித்திருந்தனர். மூத்த உறுப்பினர் ஒருவர் எழுந்து, இதற்கு முன் இருந்த குழு எங்கே, அதற்கும் முன் இருந்தது எங்கே, நிலைத்து நில்லாத குழுக்களுக்குச் சபைப்பணத்தைச் செலவழிப்பது நல்ல உக்கிராணத்துவம் ஆகுமா என்று கேட்டார். கேள்வி நியாயமானதாகவே பலருக்கும் தோன்றியது. விண்ணப்பம் அடுத்த கூட்டத்திற்குத் தள்ளிவைக்கப்பட்டது.

அவர் சொன்னதில் உண்மை இல்லாமல் இல்லை. ஏரிப் பாசனத்தை நம்பி வாழும் எங்கள் சிற்றூர்களிலிருந்து பிள்ளைகள் ஒரகடத்திற்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் ஆலை வேன்களில் ஏறிச் செல்கின்றனர். இரவு முறை வேலைக்குச் செல்பவன் சனிக்கிழமைப் பயிற்சிக்கு எங்ஙனம் வருவான்? குழு கலைவது இயல்பு. எனினும் கலைந்துவிட்டது என்பதனாலேயே ஒரு பாடற்குழுவைப் பயனற்றது எனத் தீர்ப்பது சரியான திறனாய்வு ஆகுமா என்னும் ஐயம் என்னை விட்டு நீங்கவில்லை. இதனை நம் சபைக் குழுக்களைக் கொண்டே ஆராய்வோமாயின், விருப்பு வெறுப்புகள் குறுக்கிடும். ஆகவே சபைக்கு வெளியே இயங்கியதும், தமிழ்நாட்டுக் கிராமியக் குழுக்களுள் மிகவும் பேசப்பட்டதும், ஏறத்தாழப் பத்தாண்டுகளே வாழ்ந்ததுமான ஒரு குழுவை எடுத்துக்கொள்கிறேன். அது பாவலர் பிரதர்ஸ் குழு.

இன்றைய தேனி மாவட்டத்துப் பண்ணைப்புரத்தைச் சேர்ந்தவர் பாவலர் வரதராஜன். பொதுவுடைமை இயக்க மேடைகளில் தாமே பாட்டுக் கட்டிப் பாடியவர், 1973-இல் மறைந்தார். அவருடைய இளைய சகோதரர்களாகிய பாஸ்கர், ராசையா, அமர்சிங் ஆகியோர் ஒருவர்பின் ஒருவராக அவரோடு சேர்ந்துகொண்டனர். ராசையா சேர்ந்தபோது அவருக்கு வயது பதினான்கு. அவர் பின்னர் இளையராஜா ஆனார். அமர்சிங் கங்கை அமரன் ஆனார். 1960-களின் இறுதியில் தம்பியர் சென்னைக்குப் பெயர்ந்ததோடு, கிராமந்தோறும் சுற்றிய அக்குழுவின் வாழ்வு ஏறக்குறைய முடிவுற்றது. அண்ணன் மறைந்து மூன்று ஆண்டுகள் கழித்து, 1976-இல் "அன்னக்கிளி" வெளிவந்தது. அதன்பின் நிகழ்ந்தவை யாவரும் அறிந்தவை.

இந்த இறுதி வாக்கியமே நம் சிக்கலின் தொடக்கமாகும். பாவலர் குழுவைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் அதனை ஒரு முன்னுரையாகவே கருதுகின்றனர். இளையராஜா என்னும் பெருங்கலைஞர் பயின்ற பள்ளி என்பது அதற்குத் தரப்படும் உயர்ந்த பாராட்டு. பிற்காலப் புகழைக் கொண்டு முற்காலப் பணியை அளக்கும் இம்முறை, கமிட்டியில் நாம் கேட்ட கேள்விக்கு மறுபுறமாகும். நிலைக்கவில்லை என்று தள்ளுவதும், பெரிய ஒன்றுக்கு வழிவகுத்தது என்று கொள்ளுவதும் ஒரே துலாக்கோலின் இரு தட்டுகளே. தம்பியருள் எவரும் சென்னை செல்லாமல், பண்ணைப்புரத்திலேயே உழவு செய்து முடிந்திருப்பின், அக்குழு பாடிய இரவுகள் மதிப்பிழந்திருக்குமா?

அவ்விரவுகளில் ஒன்றைச் சற்று அணுகிப் பார்ப்போம். 1956-இல் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது, தமிழ்த் தோட்டத் தொழிலாளர் மிகுந்திருந்த தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தோடு சேர்ந்தன. 1957-இல் ஈ. எம். எஸ். நம்பூதிரிபாட் தலைமையில் அமைந்த அமைச்சரவைக்கு 126 இடங்களைக் கொண்ட சட்டசபையில் கட்சி உறுப்பினர் 60 பேரும், ஆதரவளித்த சுயேச்சைகள் ஐவருமே துணை. தேவிகுளத்தில் வென்ற ரோசம்மா புன்னூஸ் அம்மையாரின் தேர்தல் செல்லாது எனத் தீர்ப்பாக, 1958-இல் இடைத்தேர்தல் வந்தது. ஒவ்வோர் இடமும் உயிர்நாடியாயிருந்த வேளை அது. வாக்காளருள் பெரும் பகுதியினர் தமிழ் பேசும் தேயிலைத் தொழிலாளர். மலையாளச் சொற்பொழிவு அவர்கள் உள்ளத்தைத் தொடாது. அவர்களுட் பலர் கம்பம், போடிப் பகுதிகளிலிருந்து மலையேறிச் சென்ற குடும்பத்தினர். அங்கேதான் பாவலர் பாடினார். அம்மையார் மீண்டும் வென்றார். அவ்வெற்றி பாவலருக்கே உரியது என நம்பூதிரிபாட் கூறியதாக இன்றளவும் சொல்லப்படுகிறது. அச்சொல்லை அப்படியே ஏற்க வேண்டுவதில்லை. தேர்தல்கள் பாட்டினால் மட்டும் வெல்லப்படுவன அல்ல. ஆயினும் லயங்களில் வாழ்ந்த மக்கள், தம் ஊரின் ஓசையைத் தம் ஊர்க்காரன் வாயால் கேட்டனர் என்பது மறுக்கவொண்ணாதது.

இடைக்குறிப்பாக ஒன்று. அவ்வமைச்சரவையை எதிர்த்து எழுந்த போராட்டத்தில் கேரளத் திருச்சபைகளின் பங்கு பெரிது. 1959 ஜூலை 31-இல் அது கலைக்கப்பட்டது. அத்திருச்சபைகளின் அச்சங்களை இங்கு எடைபோட எனக்கு எண்ணமில்லை. அவ்வாட்சிக்காக மேடையேறிய சகோதரர்களின் தந்தையார் பெயர் டேனியல் ராமசாமி என்பதை மட்டும் இம்மலரின் வாசகர்கள் மனத்திற் கொள்ளுமாறு வேண்டுகிறேன். இளையராஜாவைக் குறித்துப் பேச்சு எழும்போதெல்லாம், அவர் நம்மவர் என்று பெருமையோடு சொல்லும் போதகர்களை நான் அறிவேன். அவர் தம் நம்பிக்கை இன்னது என்பதைத் தம் வாழ்வாலும் பாட்டாலும் வெளிப்படையாகக் காட்டியிருக்கிறார்; அதனை மதித்து நாம் வாய்மூடுவதே பண்பு. தானியேல் என்னும் பெயர் தாங்கிய வீட்டுப் பிள்ளைகள் கூலியைக் குறித்தும் நிலத்தைக் குறித்தும் பாட விரும்பியபோது, அவர்கள் கண்ட மேடை எது, காணாத மேடை எது என்று நம்மையே கேட்டுக்கொள்வது அதனினும் பயனுடைத்து.

இனிக் குழுவின் கலையைப் பார்ப்போம். பாவலரின் முறை எளியது. மக்கள் ஏற்கெனவே அறிந்த மெட்டை எடுப்பார். அது வயற்காட்டு மெட்டாகவும் இருக்கலாம், அவ்வாண்டுத் திரைப்படத்தின் மெட்டாகவும் இருக்கலாம். அதில் தம் சொற்களை வைப்பார். கேட்பவனுக்கு மெட்டைக் கற்கும் உழைப்பு இல்லை. ஆதலால் அவன் செவி முழுவதும் சொல்லின்மேல் நிற்கும். இரண்டாம் முறை பல்லவி வரும்போது கூட்டமே பாடத் தொடங்கிவிடும். இதனை இரவல் என்று இழித்துரைப்பவர் உண்டு. ஆனால் நம் வரலாறே இரவல் மெட்டுகளால் ஆனது. லூத்தர் 1535-இல் வெளியிட்ட கிறிஸ்து பிறப்புப் பாடலுக்கு முதலில் அமைந்த மெட்டு, ஊரார் விடுகதை விளையாட்டிற் பாடிய பாட்டின் மெட்டாகும். 1539-இல் அதற்கு வேறு மெட்டு அமைந்தது. தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் 1800-இல் "பெத்லகேம் குறவஞ்சி" பாடியபோது, கோயிலிலும் அரண்மனையிலும் ஆடப்பட்ட குறவஞ்சியின் வடிவத்தையே எடுத்துக்கொண்டார்.

எதிர்த்திசையிலும் இரவல் நடந்ததுண்டு. சுவீடனிலிருந்து அமெரிக்காவிற் குடியேறிய தொழிலாளியாகிய ஜோ ஹில், மறுமை இன்பத்தைப் பாடும் புகழ்பெற்ற ஞானப்பாட்டொன்றின் மெட்டை எடுத்து, 1911-இல், பசித்தவனுக்கு வானத்து விருந்தை மட்டும் வாக்களிக்கும் பிரசங்கிமாரை எள்ளிப் பாடினான். 1915-இல் யூட்டா மாநிலத்தில் கொலைக்குற்றம் சாட்டப்பட்டு அவன் சுட்டுக் கொல்லப்பட்டான். அப்பாட்டைப் படிக்கும்போதெல்லாம், என் பழைய பிரசங்கக் குறிப்புகள் சில நினைவுக்கு வந்து நாணுகிறேன்.

ஆயினும் இரவல் மெட்டிற்கு ஒரு விலை உண்டு. பாவலர் குழுவும் அதனைச் செலுத்தியது. திரைப்பட மெட்டில் அமைந்த பாட்டு, அப்படத்தின் புகழ் உள்ளளவே முழு வலிமையோடு நிற்கும். வேட்பாளரின் பெயரைச் சொல்லும் அடி, வாக்கு எண்ணி முடிந்த அன்றே முதுமை அடைகிறது. இக்குழு இசைத்தட்டுகளால் நாட்டிற் பரவிய குழுவன்று. அதன் பாட்டுகள் அந்தந்த இரவுக்கும் அந்தந்தத் தெருவுக்கும் செய்யப்பட்டவை. நடவுப் பாட்டு நூறாண்டு வாழ்வதற்குக் காரணம், அதனைப் பாடுகிற ஒவ்வொருத்தியும் அதைத் திருத்திக்கொள்ளும் உரிமை உடையவளாயிருப்பதே. பறட்டை என்னும் புனைபெயரால் நாம் அறிந்த ஆசிரியர் தியோபிலஸ் அப்பாவு (1940–2005), மதுரை அரசரடியில் கற்பித்த காலமெல்லாம் இக்கருத்தையே வற்புறுத்தினார்: நாட்டுப்புறப் பாட்டு பாடுவோரால் மாற்றப்படக் கூடியது, அதனாலேயே அது விடுதலையின் கருவியாகக் கூடியது. இவ்வளவுகோலால் நோக்குமிடத்து, பாவலரின் பாட்டு பாதியளவே நாட்டுப்பாட்டு. கூட்டம் பல்லவியைப் பெற்றுக்கொண்டது. சரணத்தைத் திருத்தும் உரிமை மேடையிலேயே தங்கியது. குழு ஒரு மனிதரின் சொல்லை மையமாகக் கொண்டு சுழன்றது. தம்பியர் பிரிந்தபோது அதனை ஏற்று நடத்த வேறு கைகள் ஊர்களில் முளைக்காததற்கு இதுவும் காரணம் என்பது என் கருத்து.

எனினும் கட்சி மேடை என்னும் எல்லைக்குள்ளேயே அக்குழு அடங்கிவிட்டது என்று சொல்லல் ஆகாது. 1964 மே மாதத்தில் நேரு மறைந்தபோது கண்ணதாசன் எழுதிய இரங்கற் கவிதைக்கு மெட்டு அமைத்ததே இளையராஜாவின் முதல் இசையமைப்பு என்று அவர் வரலாற்றில் குறிக்கப்படுகிறது. பொதுவுடைமை மேடையிற் பாடிய இளைஞன் ஒருவன், எதிரணித் தலைவரின் மறைவுக்காக இசை தேடுகிறான். பிரசாரப் பாட்டு நேற்று வரை செய்ததை இப்பாட்டு செய்யவில்லை. எவரையும் எதற்கும் அழைக்காமல், இழந்தோரோடு உடனிருந்து அழுதது. ஒரு குழுவின் இசை முதிர்ச்சியை அறிய, அது வென்ற மேடைகளைப் பார்ப்பதைவிட, அது துக்க வீட்டில் எங்ஙனம் நின்றது என்று பார்ப்பது நலம். நம் பஜனைக் குழுக்களுக்கும் இது பொருந்தும். டிசம்பர் இரவுகளில் தெருத்தெருவாய்ப் பாடுவோர், பங்குனி வெயிலில் அடக்க ஆராதனைக்கு வருகிறார்களா?

குழுவின் மிகப் பெரிய குறை வேறிடத்தில் உள்ளது. தொடக்கத்தில் பெண்குரற் பகுதிகளைப் பாடியவன் சிறுவன் ராசையாவே என்பது இளையராஜா தம் நினைவுகளிற் கூறியுள்ள செய்தி. குரல் உடைந்தபின் அவன் ஆர்மோனியத்தின் பக்கம் திரும்பினான். கதை சுவையானதுதான், பெரிய இசை வாழ்வு ஒன்று குரல் உடைந்ததில் பிறந்தது என்று சொல்லி மகிழ்கிறோம். ஆனால் சற்று நின்று கேட்க வேண்டும். தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்தவர்கள் பெண்கள். மேடையின் கீழே அமர்ந்து கேட்டவர்களிலும் அவர்கள் இருந்தனர். அவர்களுடைய துன்பத்தைப் பாடும் குரல் மட்டும் ஒரு பையனிடமிருந்து வந்தது. பெண்கள் அரசியல் மேடையில் பாடியதே இல்லை என்று காலத்தின்மேல் பழி சுமத்தவும் இயலாது, கே. பி. சுந்தராம்பாள் அதற்கும் முன்பே காங்கிரஸ் மேடைகளில் பாடியவர். உரிமை பேசிய இயக்கத்தின் பாடற்குழுவிலும் சகோதரர்களே இருந்தனர், சகோதரிகள் இல்லை. குழுவின் பெயரே அதைச் சொல்கிறது.

இதற்கான மறுமொழி, பாட்டாக அல்லாவிடினும், அம்மலைகளிலிருந்தே பின்னர் வந்தது. 2015 செப்டம்பரில் மூணாறில், தமிழ் பேசும் தோட்டத் தொழிலாளப் பெண்கள் 20 சதவீதப் போனசும் ஊதிய உயர்வும் கேட்டுச் சாலையில் அமர்ந்தனர். பெண்களின் ஒற்றுமை என்று பொருள்படும் "பெம்பிளை ஒருமை" என்பது அவர்கள் தம் கூட்டத்திற்கு இட்ட பெயர். நிறுவனத்தை எதிர்த்தது போலவே, தொழிற்சங்கத் தலைவர்களையும் அவர்கள் தள்ளி நிறுத்தினர். தங்களுக்காக வேறொருவர் பேசியது போதும் என்பது அவர்கள் நிலை. அக்கூட்டமும் நெடுநாள் ஒருமித்து நிற்கவில்லை. அதன் தலைவியர் பிரிந்தனர். நிலைக்கவில்லை என்று அதனையும் தள்ளிவிடுவோமா?

திருமறையில், இராஜாக்களின் இரண்டாம் புத்தகத்தின் மூன்றாம் அதிகாரத்தில், மூன்று அரசர்களின் சேனை வனாந்தரத்தில் நீரின்றித் தவிக்கிறது. எலிசா தீர்க்கதரிசி ஒரு சுரமண்டல வாத்தியக்காரனை அழைத்துவரச் சொல்கிறார். அவன் வாசிக்கிறான், தீர்க்கதரிசிக்கு வாக்கு அருளப்படுகிறது, பள்ளத்தாக்கு நீரால் நிறைகிறது. வாத்தியக்காரனின் பெயர் சொல்லப்படவில்லை. அவன் எங்கிருந்து வந்தான், பின்பு எங்கே போனான் என்பதும் இல்லை. ஒரே வசனத்தில் அவன் வரலாறு தொடங்கி முடிகிறது. வியாக்கியானம் எழுதுவோர் பலர் அவனைக் கடந்து நீருக்கு விரைகின்றனர். மாணவர்களுக்கு இப்பகுதியைக் கற்பிக்கும்போது நானும் பல ஆண்டுகள் அவ்வாறே விரைந்திருக்கிறேன்.

இங்கு என்னைப் பற்றியும் ஒரு செய்தியைச் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. குருப்பட்டம் பெற்ற புதிதில் இவ்வட்டாரத்துச் சிற்றூர் ஒன்றிற்கு நான் பொறுப்பாயிருந்தேன். அங்கே ஏழெட்டு வாலிபர் ஒரு குழுவாகச் சேர்ந்து பாடினர். அறுப்பின் பண்டிகை ஏலம் நடக்கையில், நடவு மெட்டில் தாமே கட்டிய பாட்டொன்றைப் பாடினர். அறுத்தவன் கூலி எவ்வளவு, அளந்த மரக்கால் யாருடையது என்பது அதன் பொருள். ஏலம் எடுக்க வந்திருந்த வசதியுள்ளோர் சிலர் முகம் சுளித்தனர். மறுநாள் என்னிடம் முறையிட்டனர். நான் குழுத் தலைவனை அழைத்து, கீர்த்தனைப் புத்தகத்தில் உள்ளவற்றை மட்டும் பாடினால் போதும் தம்பி என்றேன். அவன் எதிர்த்துப் பேசவில்லை. "சரிங்க ஐயா" என்று போனான். இரண்டு ஞாயிறுகள் கீர்த்தனை பாடினர். மூன்றாம் ஞாயிறு எவரும் வரவில்லை. அவ்வாண்டு அறிக்கையில் வாலிபர் பாடற்குழு கலைந்தது என்று எழுதினேன். கலைத்தேன் என்று எழுதவில்லை.

எங்கள் ஊர்க் கோயிற் சுவரில் உள்ள பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டை வருவோர்க்கெல்லாம் காட்டி மகிழ்கிறோம். 921-இல் பொறிக்கப்பட்ட அச்சாசனத்தின்படி, குடவோலையில் பெயர் எழுதப்பட வேண்டுமானால் வரி செலுத்தும் நிலமும், சொந்த மனையில் வீடும், வேத அறிவும் உடையவனாயிருத்தல் வேண்டும். மக்களாட்சியின் முன்னோடி என்கிறோம், உண்மைதான். நிலமும் மனையும் இல்லாதவன் அன்று தன் கருத்தை எங்கே சொன்னான் என்பதைக் கல்லில் தேடிப் பயனில்லை. ஒருகால் பாட்டில் சொல்லியிருக்கலாம்.

ஆகவே, குழு எத்தனை ஆண்டு நிலைத்தது என்னும் கேள்விக்கு முன் கேட்க வேண்டியவை சில உள்ளன. அது எவர் முன்னிலையில் பாடியது? அவர்கள் வாழ்வின் எப்பகுதி, அதுவரை பாட்டில் இடம்பெறாத எப்பகுதி, அன்றிரவு பாட்டாயிற்று? அது கலைந்ததெனில் தானாகக் கலைந்ததா? பாவலர் குழுவைக் குறித்து முதலிரு கேள்விகளுக்கு உயர்ந்த விடை தரலாம். பெண்களைக் குறித்த குறை நீங்கலாக. சரணத்தைத் திருத்தும் உரிமையை ஊராருக்கு விட்டுக்கொடுத்திருந்தால், குழு மறைந்தபின்னும் பாட்டு தங்கியிருக்கலாம் என்பது என் வருத்தம். நம் குழுக்கள் இவ்விடத்தில் பாவலரினும் வாய்ப்புடையவை. அவற்றுக்குப் பெரும்புகழ் பெற்ற ஒரு தலைவர் இல்லை. ஆதலால் எவரும் ஓர் அடியைச் சேர்க்கலாம். கீர்த்தனைப் புத்தகத்தை நான் அன்று வேலியாகப் பயன்படுத்தினேன். சாஸ்திரியார் அதற்காகப் பாடவில்லை.

தள்ளிவைக்கப்பட்ட விண்ணப்பம் வரும் மாதக் கூட்டத்தில் மீண்டும் எடுக்கப்படுகிறது. அதனை வாங்கிப் படித்தேன். ஆர்மோனியத்தின் துருத்தி கிழிந்திருக்கிறது. இரண்டு சுரங்கள் ஒலிப்பதில்லை. குழுவினர் பெயர்கள் பதினொன்று. அவற்றுள் நான்கு பெண்களுடையவை. டோலக்கு வாசிப்பவர் என்னும் இடத்தில், முதலில் எழுதிய ஓர் ஆண் பெயரை அடித்துவிட்டு, கீழே பன்னிரண்டாம் வகுப்பு முடித்த ஒரு பெண்ணின் பெயரை எழுதியிருக்கிறார்கள். அந்தப் பையனுக்கு ஒரகடத்தில் வேலை கிடைத்துவிட்டதாம்.